முழுநீளம் வெட்டாமல் விட்ட குடிபூரல்

முழுநீளம் என்ற வீடியோக்காரர் எடுக்கும் வீடியோவால் உலகத்தில் எவருக்கும் எந்தப் பயனும் விளையப்போவதில்லை என்று எங்கள் குடும்பம் அந்நாளில் நம்பியது. எங்கள் குடும்பம் மட்டுமன்று. தென் லண்டனில் நோர்பரியிலிருந்து சட்டன் வரைக்கும் அவரிடம் ஒருமுறையேனும் விழா எடுப்பித்த தமிழ்க் குடும்பங்கள் அனைத்தும் அப்படியே நம்பின. பிள்ளையாருக்கு அடுத்தபடியாக எல்லோரும் ஒருமனப்பட்டு நம்பிய விஷயம் அதுவாகத்தான் இருக்கும்.

லண்டனில் வீடியோ எடுத்த தமிழர் பலர். எடுத்ததில் ஒரு நொடியைக்கூட வெட்டாதவர் அவர் ஒருவர்தான். மற்றவர்கள் மணமக்களை இதய வடிவ வளையத்துக்குள் சுழலவிட்டு, அவர்கள் போகாத பனிமலைகளின் முன்னால் நிறுத்தி, மூன்று மணி நேரத்தில் முடித்துக் கொடுத்த காலம் அது. முழுநீளம் வளையம் போடமாட்டார். மலையும் கொண்டுவரமாட்டார். கமெராவை அழுத்தினால் கசெற் முடியும்வரை ஓடும். முடிந்தால் அடுத்த கசெற் ஏறும். அதனால் வந்த பட்டப்பெயர்தான் அது. சொந்தப் பெயர் எவருக்கும் தெரியாது. நேரில் கண்டால் எல்லோருக்கும் அவர் "அண்ணை".

அவர் எடுத்த கல்யாண வீடியோ எதுவும் கல்யாண மண்டபத்தில் தொடங்காது. சட்டனில் தம்முடைய வீட்டுக் கதவை அவர் பூட்டுவதில் தொடங்கும். அடுத்து பஸ் தரிப்பு. பஸ் வராத தெரு சிறிது நேரம். பிறகு பஸ். பஸ்ஸின் ஜன்னல் வழியே தென் லண்டன் முழுவதும்.

"அண்ணை, என்ர மகளின்ர கலியாணத்தில அரை மணித்தியாலம் பஸ் ஓடுது," என்று ஒரு மணப்பெண்ணின் தந்தை அவரிடம் முறையிட்டதை நானே கேட்டிருக்கிறேன்.

"நான் என்ன, பறந்தோ வந்தனான்? வந்ததைத்தானே எடுக்கலாம்."

"சரி, அதை விடுங்கோ. தாலி கட்டேக்கை நீங்கள் வாசலில நிண்டு என்ன செய்தனீங்கள்?"

"ஒரு பெரியவர் தன்ர சப்பாத்தைத் தேடிக்கொண்டு நிண்டவர்."

"அப்ப தாலி?"

"தாலியை முந்நூறு பேர் பாத்தவை. அந்த மனுசனை ஆர் பாத்தது?"

இந்தக் கேள்வியைக் கேட்டபின், பேசிய கூலியைக் கொடுத்துவிட்டுப் போனவர்கள் பலர். கூலி குறைவு என்பதால்தான் மறுபடியும் அவரையே கூப்பிட்டார்கள்.

இன்னொரு குறையும் இருந்தது. அது இருமல். கமெராவின் ஒலிவாங்கிக்கு மிக அருகில் இருந்தது அவருடைய தொண்டைதான். ஐயர் மந்திரம் சொல்வார், முழுநீளம் இருமுவார். நாதசுரம் உச்சத்துக்குப் போகும். அங்கும் அவர் ஓர் இருமலோடு வந்து சேர்ந்துகொள்வார். எங்கள் பகுதியில் பூப்பெய்தி, மணமாகி, பிள்ளை பெற்ற பெண்கள் பலருடைய வாழ்க்கை முழுவதும் அந்த இருமல் பின்னால் ஓடிக்கொண்டிருக்கிறது.

எங்கள் வீட்டுக்கு அவர் வந்தது குடிபூரலுக்கு, அதாவது புது வீட்டில் பால் காய்ச்சி உள்ளே போகும் நாளுக்கு. எனக்கு அப்போது ஏழு வயது. நோர்பரியில் அந்த வீட்டை அப்பாவும் அம்மாவும் வாங்கினார்கள் என்று சொல்வது உண்மை. பத்திரத்தின்படி அது பொய். அகதி விண்ணப்பம் முடிவாகாத மனிதருக்கு எந்த வங்கி கடன் கொடுக்கும்? அம்மாவின் அண்ணன், என் மாமா, அதற்கு முன்னரே படிக்க வந்து, பிரித்தானியக் கடவுச்சீட்டும் சொந்தமாக ஒரு கடையும் உடையவராக இருந்தார். ஆகவே வீடு மாமாவின் பெயரில். வங்கிக்கு அடகு வைக்கப்பட்டதும் மாமாவின் பெயரில். முற்பணமும் மாதக் கட்டணமும் அப்பாவுடையவை. ஒவ்வொரு மாதமும் முதல் ஞாயிற்றுக்கிழமை அப்பா பணத்தை ஒரு தாளில் சுற்றி மாமாவின் கையில் கொடுப்பார். மாமா வங்கியில் கட்டுவார். அக்காலத்தில் எங்கள் சனங்களில் பாதிப்பேரின் வீடுகள் மற்றப் பாதிப்பேரின் பெயர்களில் இருந்தன. பிறகு எங்களுக்கு விசா வந்தது, குடியுரிமை வந்தது. பத்திரத்தை மாற்றுவது மட்டும் அடுத்த தைக்கு, அடுத்த தைக்கு என்று தள்ளிப்போயிற்று.

இருபத்தாறு ஆண்டுகள் அப்படியே சென்றன. அப்பா இறந்து இரண்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. அப்போது ஒரு காலையில் நீதிமன்றத்திலிருந்து கடிதம் வந்தது.

மாமாவின் கடை நொடித்துப்போயிருந்தது. சரக்குக் கொடுத்த மொத்தக்கடை முதலாளி, எங்கள் ஊர்க்காரர்தான், மாமாமேல் வழக்குப் போட்டுக் கடனுக்குத் தீர்ப்பும் வாங்கிவிட்டார். மாமா தம்முடைய சொந்த வீட்டை விற்றுக் கொடுத்தும் கடன் முழுதாக அடையவில்லை. மீதிக்கு வேறு சொத்து உண்டா என்று காணிப் பதிவேட்டைத் துழாவிய முதலாளியின் வழக்கறிஞர், மாமாவின் பெயரில் நோர்பரியில் ஒரு வீடு இருப்பதைக் கண்டுபிடித்தார். தீர்ப்பான கடனை அந்த வீட்டின்மேல் ஏற்றிவைக்கும் உத்தரவு ஒன்றை நீதிமன்றம் தற்காலிகமாகப் பிறப்பித்திருந்தது. சார்ஜிங் ஓடர் என்பார்கள். அது நிரந்தரமானால், அடுத்த படி வீட்டையே விற்கச் சொல்லிக் கேட்பது. விற்றால் அடகுக்காரரான வங்கிக்கு முதல் பங்கு, முதலாளிக்கு அடுத்த பங்கு, அம்மாவுக்கு வாசற்படி.

எங்களுக்காக வழக்கை எடுத்த இளம் பெண் வழக்கறிஞர் பொறுமையாகக் கேட்டார். "அம்மா, உங்கட அண்ணா பேருக்குத்தான் இந்த வீட்டை வச்சிருக்கிறார், சொந்தக்காரர் நீங்கள்தான் எண்டதுக்கு எழுத்தில ஏதாவது இருக்கோ?"

"அவர் என்ர அண்ணை, பிள்ளை. கூடப்பிறந்தவரிட்ட எழுதி வாங்குறதோ?"

"பாங்கில காசு போட்ட ரெக்கோட்?"

"கையிலதான் குடுத்தனாங்கள்."

"அவரே வந்து சொல்லுவாரோ?"

சொல்ல மாமா ஆயத்தமாகத்தான் இருந்தார். ஆனால் கடன்பட்டவர், கடன்காரனிடமிருந்து சொத்தைக் காப்பாற்ற, 'இது என் தங்கையின் வீடு' என்று சொன்னால் எந்த நீதிபதி நம்புவார்? எதிர்த்தரப்பும் அதையேதான் எழுதியிருந்தது. அதோடு ஒரு புகைப்படத்தையும் இணைத்திருந்தது. அந்தக் குடிபூரலுக்கு முதலாளியும் விருந்தாளியாக வந்திருந்தார். அவரே எடுத்த படம் அது. எங்கள் குசினி, அடுப்பில் புதுப் பானை, பொங்கி வழியும் பால், அகப்பையோடு நிற்பவர் மாமாவின் மனைவி, என் மாமி. கீழே முதலாளியின் வாக்குமூலம்: தமிழர் வழக்கப்படி புது வீட்டில் பால் காய்ச்சுபவர் அந்த வீட்டின் உரிமைக்காரி.

வழக்கத்தைச் சரியாகத்தான் சொல்லியிருந்தார். அதுதான் கஷ்டம்.

அம்மா அந்தப் படத்தை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். "நான் பக்கத்திலதான் நிண்டனான்," என்றாள். படத்தில் அம்மா இல்லை. வழக்கு வந்தபோது மாமியும் உயிரோடு இல்லை.

முழுநீளத்தின் ஞாபகம் எனக்கு அந்த இடத்தில்தான் வந்தது. எங்களிடமும் அந்த வீடியோவின் பிரதி இருந்தது. தூசி தட்டி ஓடவிட்டோம். சட்டன் கதவு, பஸ் தரிப்பு, பஸ், நீண்ட தெருக்கள். பஸ் நோர்பரியில் வந்து நின்றது, கதவு திறந்தது, கையில் மட்டையோடு ஒரு துடுப்பாட்டக்காரர் இறங்கி மைதானத்துக்குள் நடந்தார். யாருக்கும் பயன்படாத கசெற்றில் அப்பா ஒரு கிரிக்கெட் இறுதியாட்டத்தைப் பதிவுசெய்து வைத்திருந்தார்.

மறுநாளே சட்டனுக்குப் போனோம்: அம்மா, மாமா, நான். முழுநீளம் தபால் பிரிக்கும் வேலையிலிருந்து ஓய்வுபெற்று, தனியாக ஒரு சிறிய பிளாற்றில் இருந்தார். அலுமாரிகளுக்குள் கசெற்றுகள், அவருடைய உடுப்புகள் கதவுக் கொளுக்கிகளில். கட்டிலுக்குக் கால்கள் இருந்தனவோ, அல்லது கசெற்றுகள்தான் தாங்கினவோ, இன்றுவரை எனக்குத் தெரியாது. ஆனால், வீதியின் பெயரை நாங்கள் சொல்லி முடிப்பதற்குள் மூன்று கசெற்றுகளை எடுத்து மேசையில் வைத்துவிட்டார்.

"உங்களிட்டையும் ஒரு கொப்பி தந்தனான். கடைசிவரை பாத்தனீங்களோ?"

அம்மாவுக்குப் பொய் வராது. "இல்லை அண்ணை."

"ஒருத்தரும் பாக்கிறேல்லை," என்றார். குரலில் கோபமில்லை, மழை பெய்கிறது என்பதுபோலச் சொன்னார். "இருங்கோ. பாத்திட்டு எடுத்துக்கொண்டு போங்கோ. பாக்காமல் தரமாட்டன்."

"அண்ணை, அவசரமான அலுவல், கோட்டுக்கு..." என்று மாமா தொடங்கினார்.

"நாலு மணித்தியாலம் இருபது நிமிசம். தேத்தண்ணி போடுறன்."

பார்த்தோம். அம்மா பஸ்ஸிலிருந்தே பார்க்கத் தொடங்கினாள். இரண்டாம் கசெற்றில் அப்பா வந்தார். முப்பத்துமூன்று வயது அப்பா, வேட்டி அவிழ்ந்துவிடுமோ என்ற பயத்தில் இடுப்பில் ஒரு கையை வைத்தபடி, எல்லோருக்கும் மற்றக் கையால் வணக்கம் சொல்லிக்கொண்டிருந்தார். அம்மா கதிரையைத் திரைக்குக் கிட்ட இழுத்துப் போட்டாள். முழுநீளம் எழுந்து, தேநீர்க் கோப்பையை அவளுக்குக் கைக்கெட்டும் தூரத்துக்கு நகர்த்தி வைத்துவிட்டு உட்கார்ந்தார். நாங்கள் தேடி வந்ததற்கும் மேலேயே அதில் இருந்தது.

ஆறு நிமிடத் துண்டு ஒன்றை மட்டும் வெட்டித் தருமாறு வழக்கறிஞர் கேட்டார். முழுநீளம் மறுத்தார்.

"வெட்டினா அது என்ர படம் இல்லை. நான் அதுக்குச் சாட்சி சொல்ல ஏலாது."

"அண்ணை, நீதிபதிக்கு நேரம் இல்லை."

"அப்ப நேரம் இருக்கிற நீதிபதியாப் பாருங்கோ, பிள்ளை."

கடைசியில் முழு வீடியோவும், அதிலுள்ள பேச்சுக்கெல்லாம் பதிவுபெற்ற மொழிபெயர்ப்பாளர் ஒருவர் செய்த ஆங்கில மொழிபெயர்ப்பும் நீதிமன்றத்துக்குப் போயின. மொழிபெயர்ப்பாளர் கடமை உணர்ச்சி மிக்கவர். கட்டு கட்டாக இருந்த அந்தத் தாள்களில் பக்கத்துக்கு நான்கு இடத்தில் 'கமெராக்காரர் இருமுகிறார்' என்று எழுதி, ஒவ்வொன்றுக்கும் நேரமும் குறித்திருந்தார்.

விசாரணை நாளன்று முழுநீளம் உறுதிமொழி எடுத்தபோதுதான் அவருடைய சொந்தப் பெயரை நாங்கள் முதன்முதலாகக் கேட்டோம். நீண்ட, அழகான பெயர். எவருக்கும் அது அவரை ஞாபகப்படுத்தவில்லை.

நீதிபதி நரைத்த தலைமுடியும் நிதானமான பேச்சும் கொண்ட ஆங்கிலப் பெண்மணி. தேவையான பகுதிக்கு நேரே போகலாமா என்று அவர் கேட்டார். ஆரம்பத்திலிருந்து கொஞ்சமாவது பார்க்கவேண்டும் என்று மொழிபெயர்ப்பாளர் மூலம் முழுநீளம் விண்ணப்பித்தார். நீதிபதி பெருந்தன்மையோடு சம்மதித்தார். பஸ் ஓடியது. சில நிமிடங்களில் நீதிபதி திரையை நோக்கிக் குனிந்து, "அந்த மூலையில் இருந்த பேக்கரியை மூடிவிட்டார்கள்," என்றார். அதன்பிறகு அவர் அவசரப்படவில்லை.

எதிர்த்தரப்பு வழக்கறிஞர் எழுந்தார். "இது வெட்டி ஒட்டப்பட்டதா?"

"நான் என்ர சீவியத்தில ஒண்டும் வெட்டினதில்லை," என்றார் முழுநீளம். பின்வரிசையிலிருந்த எங்கள் சனம் முழுவதும் தலையாட்டியது. சத்தியத்துக்கு இவ்வளவு சாட்சிகள் ஒருமிக்கக் கிடைப்பது அபூர்வம்.

வழக்கறிஞர் திரையின் மூலையைக் காட்டினார். அங்கே கமெரா பதித்த திகதி, அப்பா லண்டனுக்கே வந்திராத ஒரு காலத்தைக் காட்டியது. "அப்படியானால் இது வீடு வாங்கியபோது எடுக்கப்பட்டதுதான் என்று எப்படி நம்புவது? பல ஆண்டுகள் கழித்து நடந்த வேறொரு விழாவாக இருக்கலாமே."

முழுநீளம் தலையை நீட்டித் திகதியைப் பார்த்தார்.

"திகதி மாத்துற பட்டன் எது எண்டு எனக்கு இண்டைக்கும் தெரியாது. அதை விடுங்கோ. அந்த அம்மாவின்ர வயித்தைப் பாருங்கோ."

எல்லோரும் பார்த்தார்கள். திரையில் அம்மா எட்டு மாதக் கர்ப்பிணி.

"அதுக்குள்ள இருக்கிறது," முழுநீளம் பின்வரிசைக்குக் கையை நீட்டினார், "உவர்தான். எழும்பும், தம்பி."

இருபத்தாறு வயதான என் தம்பி காதுவரை சிவந்துபோய் எழுந்து நின்றான். அவனுடைய பிறப்புச் சான்றிதழை எங்கள் வழக்கறிஞர் நீதிபதியிடம் கொடுத்தார். வீடு வாங்கப்பட்டு இரண்டு மாதங்களில் பிறந்திருந்தான். பிறந்ததிலிருந்து அவன் குடும்பத்துக்குச் செய்த முதல் உபகாரம் அது என்று அம்மா பின்னர் சொன்னாள்.

அடுத்து வந்தது நடைவழிக் காட்சி. வேறெந்த வீடியோக்காரரும் எடுத்திருக்கமாட்டார், எடுத்திருந்தாலும் வெட்டியிருப்பார். குசினிக்குப் போகும் இடுக்கில் பால் போத்தலோடு மூன்று பேர்.

"எனக்கேன் உந்த வேலை?" என்றார் மாமி. "வீட்டுக்காரி நீ. நீ காய்ச்சு."

"வயித்தில பிள்ளையோட நான் காய்ச்சக்கூடாதெண்டு ஐயர் சொன்னவரெல்லே, மச்சாள். எனக்காக நீங்கள் காய்ச்சுங்கோ."

"நாளைக்கு ஆரும் என்ர வீடெண்டு நினைக்கப்போகினம்."

"ஆர் நினைச்சா என்ன?" இது மாமாவின் குரல். "அடுப்பும் அவளின்ர, பாலும் அவளின்ர. நீ அகப்பையைப் பிடி. தங்கச்சி, பத்திரம் உன்ர பேருக்கு மாறுற அண்டைக்கு நீ காய்ச்சு. அண்டைக்கும் நாங்கள் வருவம்."

கமெராக்காரர் இருமினார். மாமி அகப்பையை வாங்கிக்கொண்டு உள்ளே போனார். அதன்பிறகு, முதலாளி புகைப்படம் எடுத்த அந்த நொடி.

நீதிபதி மொழிபெயர்ப்பைப் புரட்டிப் புரட்டிப் படித்தார். போதும் என்பார் என்று நினைத்தோம். முழுநீளமோ, "இன்னும் முடியேல்லை," என்றார்.

மூன்றாம் கசெற் சாப்பாடு. முழுநீளம் மனிதர்கள் சாப்பிடுவதை விடாமல் எடுப்பார். அதற்காக அவரை ஏசாத வீடு கிடையாது. வாழை இலைகளின் வரிசையில் கமெரா மெல்ல ஊர்ந்தது. கையில் வடையோடு இருந்த ஒரு மனிதரிடம் வந்து நின்றது. தலையில் நிறைய முடி இருந்த மொத்தக்கடை முதலாளி. எதிரே பரிமாறிக்கொண்டிருந்த அப்பாவைப் பார்த்து, வாய் நிறைந்த வடையோடு அவர் சொன்னார்: "ஐசே, மச்சானின்ர பேரில வாங்கினாலும் வீடு உம்மட வீடுதானே. கெட்டிக்காரன் நீர். இன்னொரு வடை போடும்."

அப்பா சிரித்துக்கொண்டு இரண்டு போட்டார்.

நீதிபதி மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். "வடை சாப்பிடும் இந்தக் கனவான் இங்கே இருக்கிறாரா?" என்று கேட்டார்.

முதலாளி பாதி எழுந்து பாதி உட்கார்ந்தார்.

அன்று பின்னேரமே தீர்ப்பு வந்தது. மாமா பெயரளவில்தான் உரிமையாளர், அவருக்கென்று அந்த வீட்டில் பங்கு எதுவும் இல்லை, இல்லாத பங்கின்மேல் கடனை ஏற்ற முடியாது, உத்தரவு நீக்கப்படுகிறது. தீர்ப்பின் கடைசியில், சாட்சியத்தை முழுமையாகப் பேணிய ஒளிப்பதிவாளருக்கு நீதிபதி நன்றி சொன்னார். எங்கள் சனத்தில் ஒருவர்கூட ஒருநாளும் அவருக்குச் சொல்லாத சொல் அது. மாமா படிக்கட்டில் அவரைக் கட்டிப்பிடித்தார். முழுநீளம் அந்த அணைப்புக்குள் நின்றபடி, "கடைசி இருபது நிமிசம் அந்த நீதிபதி அம்மா பாக்கேல்லை," என்றார்.

மாமா மிகுதிக் கடனைத் தவணை தவணையாகக் கட்டி முடித்தார். வங்கிக்கு மிஞ்சியிருந்ததைத் தம்பியும் நானும் அடைத்தோம். பத்திரம் அம்மாவின் பெயருக்கு மாறியது. அந்தத் தையில், குடியிருந்து இத்தனை ஆண்டுகளான வீட்டில், எங்கள் வீட்டுக் குசினியில், அறுபது வயதான அம்மா புதுப் பானை வைத்துப் பால் காய்ச்சினாள். சட்டனிலிருந்து பஸ் ஏறி வந்து எடுத்தவர் முழுநீளம். முதலாளியையும் கூப்பிடவேண்டும் என்று நிபந்தனை போட்டவரும் அவர்தான். "முதல் படத்தில இருந்தவர் ரெண்டாவதிலயும் இருக்கவேணும்," என்றார். முதலாளி வந்தார். வடை சாப்பிட்டார். இம்முறை ஒரு சொல்லும் பேசவில்லை.

பால் கிழக்குப் பக்கமாகப் பொங்கி வழிந்தபோது அம்மா அகப்பையோடு கமெராவை நேரே பார்த்தாள். "இப்ப சரியோ அண்ணை?"

"இன்னும் ஓடுது. நீங்கள் உங்கட வேலையைப் பாருங்கோ."

இரண்டு ஆண்டுகளுக்குப் பின் ஒரு மாரிகாலத்தில் அவர் போய்விட்டார். கசெற்றுகளை எங்கள் வீட்டு மேல் அறைக்குக் கொண்டுவந்தோம். முதல் குடிபூரல் நடந்த குசினிக்குள் அன்று நின்றவர்களில், இந்த வீட்டில் இப்போது இருப்பது அம்மாவும் நானும், அன்று பிறந்திராத தம்பியும்தான். ஞாயிற்றுக்கிழமைகளில் அம்மா அந்த வீடியோவைப் பஸ் தரிப்பிலிருந்து தொடங்கிக் கடைசிவரை பார்ப்பாள். கமெராவுக்குப் பின்னால் அந்த இருமல் வரும் இடங்களில் மட்டும் சத்தத்தைச் சற்றுக் கூட்டி வைப்பாள்.